“சோழர் காலத்து மாடல் சார்”: இடைக்கால நகைகளும் அவற்றைப் பூண்டவர்களும்

கேட்டவர் குடியாத்தத்துக்காரர். தங்கை கல்யாணத்துக்கு வேலூரில் நகை எடுக்கப் போன கடையில், “இதெல்லாம் சோழர் காலத்து மாடல் சார்” என்று கெம்பு அட்டிகை, ஒட்டியாணம், மூக்குத்தி மூன்றையும் எடுத்து வைத்திருக்கிறார்கள். “அந்தக் காலத்தில் நிஜமாகவே இப்படித்தான் போட்டார்களா? நம்ம வட ஆற்காட்டுப் பக்கம் வாழ்ந்தவர்களுக்கு நகை என்றால் அழகா, சொத்தா, சாமி காரியமா?” என்பது அவர் கேள்வி.

கடைக்காரர் பேச்சை முதலில் முடித்துவிடலாம். மூக்குத்தி சோழர் காலத்தது இல்லை. சோழர் காலச் செப்புத் திருமேனிகளில் உமையைப் பாருங்கள், சீதையைப் பாருங்கள், காதும் கழுத்தும் கையும் நிறைந்திருக்கும், மூக்கு வெறுமையாக இருக்கும். இன்று அம்மனுக்குச் சாத்தும் மூக்குத்தியும் புல்லாக்கும் பிற்காலத்தில் வந்து சேர்ந்தவை. ஒட்டியாணமும் அப்படித்தான். வயிற்றின் மேல் விறைப்பாக நிற்கும் அகலப் பட்டை சோழச் சிற்பத்தில் கிடையாது. அவர்களுடைய இடையணி இடுப்பில் தாழ்ந்து கிடக்கும். நடுவில் ஒரு சிம்ம முகம், அதன் வாயிலிருந்து தொங்கல்கள். கல்வெட்டில் அதற்குப் பட்டிகை என்று பெயர். சிவப்புக் கல் பதித்த அட்டிகை இன்று நம் கண்ணுக்குப் ‘பழசாக’த் தெரிவதற்குக் காரணம் பரதநாட்டிய செட். ராக்கொடி, ஜடைநாகம், சூரியப் பிறை, சந்திரப் பிறை என்று நாகர்கோவில் வடசேரிப் பக்கம் செய்து வரும் கோயில் நகை வகை அது. அழகான வேலைதான், வாங்கட்டும். சோழரை மட்டும் அதில் இழுக்க வேண்டாம்.

இனி உங்கள் உண்மையான கேள்வி. இன்று நாம் நகையை வாங்குகிறோம். அன்று பெரிய நகைகளைப் பெரும்பாலும் ஒருவர் இன்னொருவருக்குப் பூட்டினார். அரசன் பூட்டினான், கோயில் பூட்டியது, தாய் பூட்டினாள், கணவன் வீடு பூட்டியது. எதற்காகப் பூட்டினார்கள், எவர் முன்னிலையில் பூட்டினார்கள், அதைக் கழற்றும் உரிமை யாருக்கு என்பதில்தான் அந்த நகையின் அர்த்தம் இருந்தது. அழகும் விலையும் இல்லாமல் இல்லை, ஆனால் அவை இதற்கு அடுத்தபடி என்பது என் எண்ணம்.

ஒரு சிக்கல் உண்டு. இடைக்காலத் தமிழ் நகைகள் கையில் தொட்டுப் பார்க்கும்படி அதிகம் மிஞ்சவில்லை. பொன்னை எத்தனை முறையும் உருக்கலாம் என்பதால் பாட்டியின் கழுத்துக் காறை பேத்தியின் வளையலாகி, படையெடுப்பிலோ பஞ்சத்திலோ காசாகியும் போயிருக்கும். 11-ஆம் நூற்றாண்டில் தஞ்சைப் பகுதி ஆலங்குடியில் காலம் கெட்டபோது, ஊரார் கோயில் பண்டாரத்திலிருந்த நகைகளையும் வெள்ளிப் பாத்திரங்களையும் கடனாக வாங்கித்தான் வயிற்றுக்கும் விதைக்கும் வழி பார்த்தார்கள். அதற்கு ஈடாகக் கோயிலுக்கு நிலம் எழுதிக் கொடுத்தார்கள். ஆகவே நமக்கு இருக்கும் சாட்சி கல்லும் செம்பும் பாட்டும்தான்.

அந்தச் சாட்சிகளில் பெரியது தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டு. ஆனால் கதையை நம் ஊரிலிருந்தே தொடங்கலாம். காட்பாடியைத் தாண்டிப் பொன்னையாற்றங்கரையில் இருக்கும் மேல்பாடியில், ‘ஆற்றூர்த் துஞ்சின தேவர்’ என்று கல்வெட்டு சொல்லும் அரிஞ்சய சோழனுக்கு அவன் பேரன் முதலாம் இராஜராஜன் எழுப்பிய பள்ளிப்படைக் கோயில், அதாவது இறந்த அரசனின் நினைவுக் கோயில், நிற்கிறது. அதே அரிஞ்சயனின் பேத்தி, இராஜராஜனின் அக்கா குந்தவை. தஞ்சையில் தம்பி கட்டிய கோயிலுக்கு அவர் உமாபரமேசுவரியின் திருமேனிகளை எழுந்தருளுவித்து, தம் தந்தைக்கும் தாய்க்கும் படிமம் செய்து வைத்து, அவற்றுக்கெல்லாம் நகையும் பூட்டினார். செத்துப்போன அப்பா அம்மாவின் படிமத்துக்கு எதற்கு நகை என்று நாம் கேட்போம். அவர்களை அந்தச் சந்நிதியில் அரசராகவும் அரசியாகவும் நிறுத்துவது நகைதான். அது இல்லாமல் நின்றால் வெறும் அடியார்.

தஞ்சைக் கல்வெட்டின் நகைப் பட்டியலைப் படிக்கப் பொறுமை வேண்டும். படித்தால் அசந்துபோவீர்கள். பொன்னை நிறுக்க ‘ஆடவல்லான்’ என்ற கல், மணிகளை நிறுக்க ‘தக்ஷிணமேருவிடங்கன்’ என்ற கல். எடைக்கல்லுக்கே இறைவன் பெயர். 20 மஞ்சாடி ஒரு கழஞ்சு, 2 குன்றி ஒரு மஞ்சாடி. கழஞ்சு நம் கணக்கில் ஏறக்குறைய 5 கிராம். 8 கிராம் சவரன் வெள்ளைக்காரன் நாணயத்தோடு வந்த அளவு. ஒவ்வொரு நகைக்கும் எத்தனை முத்து, எத்தனை வைரம், எத்தனை மாணிக்கம், மொத்த எடை, காசில் விலை என்று வரிசையாகப் போகும். முத்து என்று சும்மா சொல்லிவிடுவதில்லை. வட்டம், அனுவட்டம், ஒப்புமுத்து, குறுமுத்து, கறடு, இரட்டை, சப்பத்தி, குளிர்ந்த நீர், சிவந்த நீர் என்று வகை வகையாகப் பிரித்திருக்கிறார்கள். சொட்டை, கரடுமுரடு, ஒட்டிப் பிறந்தது எதையும் மறைக்கவில்லை. இதில் எனக்கு மிகவும் பிடித்தது எடை சொல்லும் விதம்: சரடும் சட்டமும் செப்பாணியும் அரக்கும் உட்பட இவ்வளவு என்று எழுதியிருக்கிறார்கள். உள்ளே நிரப்பிய அரக்கு வரை கல்லில் வெட்டி வைத்தது யாருக்காக? நாளைக்குப் பொறுப்பேற்கும் கணக்கனுக்காக. அரசன் பூட்டிய நகையைக் கழற்றுகிறவன் சிக்க வேண்டும். உங்கள் தங்கைக்கும் இதில் ஒரு பாடம் உண்டு. ‘ஆன்டிக்’ வேலையில் அரக்கும் கல்லும் எடையைக் கூட்டும், அவற்றைக் கழித்த எடையைத் தனியாக எழுதித் தரச் சொல்லுங்கள்.

இராஜராஜன் கொடுத்தவற்றில் ஒரு பகுதி எங்கிருந்து வந்தது என்பதையும் கல்வெட்டு கூச்சமில்லாமல் சொல்கிறது: சேரமானையும் பாண்டியர்களையும் மலைநாட்டில் எறிந்து (போரில் வென்று) கொண்ட பண்டாரங்களிலிருந்து. நேற்று எதிரியின் பெட்டியிலிருந்த முத்து இன்று தஞ்சை ஈசன் மார்பில். பார்க்க வந்தவனுக்கு அது வெற்றிச் செய்தியாகவே படித்திருக்கும்.

ஆண்களை மறந்துவிடக் கூடாது. ‘நகை என்றால் பெண்’ என்ற எண்ணம் பிற்காலத்தது. 1290-களில் பாண்டிய நாட்டுக்கு வந்த வெனிஸ் வணிகர் மார்க்கோ போலோ கண்ட அரசன் இடுப்பில் ஒரு துணி மட்டும் கட்டியிருந்தான். கழுத்தில் மாணிக்கமும் மரகதமும் நீலமும் பதித்த காறை, கையிலும் காலிலும் பொன், கால்விரலிலும் மோதிரம். அதோடு பட்டு நூலில் கோத்த 104 முத்தும் மாணிக்கமும் மார்பு வரை தொங்கியது. காலையும் மாலையும் அவன் 104 முறை இறைவன் பெயரைச் சொல்ல வேண்டும், எண்ணுவதற்குத்தான் அந்த மாலை. முன்னோர் எல்லாரும் அதைச் செய்தார்கள், அவனுக்கு விட்டுச் சென்றார்கள். அரச நகை, செபமாலை, பரம்பரைக் கடமை மூன்றும் ஒரே சரத்தில். அவன் அதை விற்க முடியுமா? முடியாது. அவனுடையது என்பதைவிட அவன் அதற்குரியவன் என்பதே பொருத்தம்.

காதைப் பற்றித் தனியாக ஒரு சொல். ஆணுக்கும் பெண்ணுக்கும் காது குத்தி, துளையைப் பெருக்கி, தோள் வரை வடித்துவிடுவது வழக்கம். பெண்ணுக்குத் தோடு, அதாவது சுருட்டிய ஓலை அல்லது அதே வடிவில் பொன். ஆணுக்குக் குழை. நடராசர் திருமேனியில் இரண்டு காதும் ஒன்றாக இருக்காது, ஒரு காதில் மகரக் குழை, ஒரு காதில் தோடு. ‘தோடுடைய செவியன்’ என்று சம்பந்தர் முதற்பாட்டிலேயே பிடித்தது அதைத்தான். ஒரு காதணியைப் பார்த்தே இறைவனின் பாதி உடல் உமை என்று ஊர் புரிந்துகொண்டது. ஆளைப் பார்க்காமல் நகையை மட்டும் பார்த்து, ஆணா பெண்ணா, கன்னியா மனைவியா, மறவனா வணிகனா என்று சொல்லிவிடக்கூடிய சமுதாயம் அது.

வட ஆற்காட்டில் இதற்கு எதிர்முனையும் இருக்கிறது. போளூர் பக்கத்துத் திருமலையில் (திருப்பதி மலையோடு குழப்பிக்கொள்ள வேண்டாம், இது சமண மலை) பாறையில் செதுக்கிய சமணத் தீர்த்தங்கரர் நேமிநாதர் 16 அடி உயரத்துக்கு நிற்கிறார். உடம்பில் துணியும் இல்லை, குன்றிமணிப் பொன்னும் இல்லை. அதே மலையில் அவர் பணியாளான இயக்கி நகையோடு இருக்கிறாள். இங்கிருந்த சமணக் கோயிலுக்குக் குந்தவை ஜினாலயம் என்று பெயர். தஞ்சையில் உமைக்கு முத்தும் மணியும் பூட்டிய அதே குந்தவையின் பெயரை, நகையே வேண்டாதவரின் கோயில் தாங்கி நிற்கிறது. நகையைத் துறப்பதும் பேசும் என்று அந்தக் காலத்தார் அறிந்திருந்தார்கள். எல்லாரும் பூண்டிருக்கும் ஊரில் பூணாதவன்தான் தனித்துத் தெரிவான்.

பட்டம் என்பதையும் இப்படியே பார்க்க வேண்டும். நாம் கல்லூரியில் வாங்கும் பட்டம் காகிதம். அவர்களுடையது நெற்றியில் கட்டும் பொன் தகடு. அரசன் கட்டிவிட்டால் நீ தலைவன், பறித்துவிட்டால் இல்லை. வீரன் காலில் கட்டிய கழலும் அந்த வகை.

நம் பக்கத்துச் சான்று இதைவிடச் சுவையானது. வேலூர்க் கோட்டையோடு பெயர் சேர்ந்த சின்ன பொம்ம நாயக்கர் 16-ஆம் நூற்றாண்டில் சைவ அறிஞர் அப்பைய தீட்சிதரை ஆதரித்தார். பிரம்மசூத்திரத்துக்கு ஸ்ரீகண்டர் எழுதிய பாஷ்யத்துக்குத் தீட்சிதர் ‘சிவார்க்கமணி தீபிகை’ என்ற உரை எழுதியதற்கு, நாயக்கர் அவருக்குக் கனகாபிஷேகம் செய்தார். மனிதரை உட்கார வைத்துத் தலையில் பொன்னைக் கொட்டுவது. ஆரணிக்கு அருகே அடையபலத்தில் தீட்சிதர் கட்டிய காளகண்டேசுவரர் கோயிலில் 1582-ஆம் ஆண்டுக் கல்வெட்டு இதைப் பதிந்து வைத்திருக்கிறது. பொன்னை மூட்டையில் கட்டிக் கொடுத்திருந்தால் அது சம்பளம். சபை பார்க்கத் தலையில் கொட்டியதால் அது பட்டத்துக்கு மேல். அபிஷேகம் சாமிக்குச் செய்வது அல்லவா?

சாமிக்கும் செய்தார்கள். கிருஷ்ணதேவராயர் 1513-இல் முதன்முறை திருப்பதித் திருமலைக்கு ஏறியபோது வேங்கடவனுக்கு மணிகள் பதித்த கிரீடம் கொடுத்தார். உதயகிரியை வென்று திரும்பி 1514-இல் வந்தபோது 30,000 பொற்காசுகளால் கனகாபிஷேகம். திருப்பதி எப்படி இந்தக் கணக்கில் வருகிறது என்று கேட்காதீர்கள். 1911-இல் சித்தூர் மாவட்டம் பிரியும்வரை திருப்பதியும் காளத்தியும் வட ஆற்காட்டு மாவட்டத்தில்தான் இருந்தன. விஜயநகரத் தலைநகரில் சில ஆண்டுகள் கழித்துத் திருவிழா பார்த்த போர்த்துகீசியர் டொமிங்கோ பயஸ், அரண்மனைப் பெண்கள் சிலர் நகைப் பாரத்தால் தாமே நடக்க முடியாமல் தோழியர் கைத்தாங்கலாக வந்ததாக எழுதினார். அந்தப் பெண்கள் தங்கள் செல்வத்தைக் காட்டவில்லை. ராயர் பண்டாரத்தின் கனத்தைச் சுமந்து காட்டினார்கள். அவர்களுக்கு அது பெருமையா பாரமா என்று எந்தக் கல்வெட்டும் சொல்லாது. பெண்களைக் கேட்டு எழுதும் வழக்கம் இல்லையே.

பெண்கள் பக்கம் வரும்போது கல்யாணத்தைத் தொட்டே ஆக வேண்டும். ‘வாரணமாயிரம்’ பாடிய ஆண்டாள் தன் கனவுக் கல்யாணத்தில் பந்தல், மத்தளம், சங்கு, கைத்தலம் பற்றுதல், தீவலம், அம்மி மிதித்தல் எல்லாம் சொல்கிறாள், தாலி கட்டியதாகச் சொல்லவில்லை. அதனால் தாலியே கிடையாது என்று முடிவு கட்டிவிட வேண்டாம். கழுத்தில் அணியும் தாலிமணிவடம் தஞ்சைக் கல்வெட்டில் தேவியின் நகைகளில் வருகிறது. கல்யாணத்தின் நடுப்புள்ளியாகத் தாலி ஏறியது படிப்படியாக நடந்தது என்றுதான் கொள்ள வேண்டும்.

பொன் எந்தத் திசையில் ஓடியது என்பது இன்னும் முக்கியம். வேலூரிலிருந்து மேற்கே கொஞ்ச தூரத்தில் இருக்கும் விரிஞ்சிபுரம் மார்க்கபந்தீசுவரர் கோயிலில் 1425-ஆம் ஆண்டுக் கல்வெட்டு ஒன்று உண்டு. விஜயநகர அரசர் தேவராயர் ஆட்சி. படைவீட்டு ராஜ்யத்து (நம் பக்கம் அடங்கிய விஜயநகர மாகாணம்) பிராமணர்கள், தமிழர், கன்னடர், தெலுங்கர், இலாளர் என எல்லாரும் கூடி ஓர் உடன்படிக்கை செய்தார்கள்: இனிக் கல்யாணம் கன்னியாதானமாகவே நடக்க வேண்டும், பெண்ணுக்குப் பொன் வாங்குகிறவனும் பொன் கொடுத்துக் கல்யாணம் செய்கிறவனும் அரச தண்டனைக்கு உள்ளாவார்கள், பிராமணர் கூட்டத்திலிருந்தும் விலக்கப்படுவார்கள். தடை போட்டார்கள் என்றால் அது பரவலாக நடந்தது என்று பொருள். அதாவது அன்று மாப்பிள்ளை வீட்டுப் பொன் பெண்ணின் தகப்பன் கைக்குப் போயிருக்கிறது. “எத்தனை சவரன் போடுவீர்கள்?” என்று இன்று மாப்பிள்ளை வீடு கேட்பதை அந்த உடன்படிக்கைக்காரர்கள் கேட்டிருந்தால் முழித்திருப்பார்கள்.

கட்டியவன் போனால் கழற்ற வேண்டும் என்பது பழைய விதி. சங்கப் பாட்டிலேயே கணவனை இழந்தவர்கள் ‘கழிகல மகளிர்’, அதாவது நகையைக் கழித்த பெண்கள். இடைக்காலத்தில் இந்த வழக்கம் மேல்குடிகளில் இறுகியது. தன் கையால் வாங்காத நகையைத் தன் விருப்பத்தால் வைத்துக்கொள்ளவும் முடியவில்லை.

குழந்தைக்குப் பூட்டும் நகை வேறு வகை, அது காவல். திருமாலின் சங்கு, சக்கரம், கதை, வாள், வில் ஐந்தையும் சின்னதாகச் செய்து கழுத்தில் போட்டால் ஐம்படைத்தாலி. புறநானூறு 77-ஆம் பாட்டில் பாண்டியன் நெடுஞ்செழியன் ‘தாலி களைந்தன்றும் இலனே’ என்று வருவது இந்தத் தாலி. பிள்ளைத் தாலியைக் கழற்றும் வயதுகூட ஆகாதவன் போருக்கு வந்துவிட்டான் என்று புலவர் வியக்கிறார். 12-ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் காளத்தி வேடர்களைப் பாடும்போது கண்ணப்பரின் தாய் தத்தைக்கு ‘இரும்புலி எயிற்றுத் தாலி’ சூட்டுகிறார். புலிப்பல்லும் மணியும் மாறி மாறிக் கோத்தது. பொன்னே இல்லை, ஆனாலும் தஞ்சைத் தேவியின் வடத்துக்குக் குறைந்த அர்த்தம் இல்லை. புலியைக் கொன்ற குடி இது என்று அது சொல்லும். நம் வீடுகளில் கைக்குழந்தைக்கு வசம்பு வளையலும் கருகமணியும் கட்டுகிறோமே, அந்தக் காவல் எண்ணம் தலைமுறை தாண்டி வந்திருக்கிறது.

உழுதவர்களும் நெய்தவர்களும் என்ன போட்டார்கள்? கல்வெட்டு அவர்கள் நகையை எண்ணவில்லை. மண் எண்ணி வைத்திருக்கிறது: தமிழக அகழாய்வுகளில் சங்கு வளைத் துண்டு, கண்ணாடி மணி, சுடுமண் காதணி கூடை கூடையாகக் கிடைக்கின்றன. ஓலைச் சுருளும் பூவும் மட்கிப்போயிருக்கும்.

இந்த நகைகளைச் செய்த தட்டார், கைவினைஞர்களான கம்மாளரில் ஒரு பிரிவு. கொங்கு நாட்டுக் கல்வெட்டு ஒன்றில் அரசன் கம்மாளர்க்குச் சில உரிமைகள் கொடுக்கிறான்: நல்லது கெட்டதுக்கு இரட்டைச் சங்கு ஊதலாம், பேரிகை கொட்டலாம், வீட்டுக்குச் சாந்து பூசலாம், வெளியே போகும்போது காலில் செருப்புப் போடலாம். அரசனின் நெற்றிக்குப் பட்டம் அடித்தவன் தன் காலுக்குச் செருப்புப் போட ஆணை வாங்க வேண்டியிருந்தது. ஆகவே ‘அந்தக் காலத்தில் பொன் கொழித்தது’ என்று யாராவது பெருமூச்சு விட்டால், யார் மேல் கொழித்தது என்று கேளுங்கள்.

நேரில் பார்க்க ஆசையிருந்தால் மேல்பாடியில் சோமநாதேசுவரர் கோயில் சுவர் மாடங்களில் இருக்கும் கோட்டச் சிற்பங்களில் தொடங்குங்கள். காலை வெயில் சாய்வாக விழும்போது போனால் கழுத்தணியும் தோள்வளையும் தெளிவாகத் தெரியும். பிறகு வேலூர்க் கோட்டைக்குள் அரசு அருங்காட்சியகம், அதே கோட்டையில் ஜலகண்டேசுவரர் கோயில் கல்யாண மண்டபத் தூண்கள். மேல்பாடிச் சிற்பத்துக்கும் இந்தத் தூண்களுக்கும் இடையே ஏறக்குறைய 500 ஆண்டு இடைவெளி இருக்கிறது. தங்கையையும் கூட்டிப் போங்கள். மேல்பாடிச் சிற்பத்தில் காதணி, தூண் சிற்பத்தில் காதணி, இரண்டையும் போனில் படம் பிடித்து அருகருகே வைத்துப் பார்த்தால், எந்த மாடல் எந்தக் காலம் என்று கடைக்காரருக்கு நீங்களே சொல்லலாம்.